டான்யூப் கரையில் ஒரு நிமிடம்

பனிமூட்டம். அதற்குள் ஒரு சிவப்புப் புள்ளி. ஒலிப்பதிவுக் கருவியின் சின்ன விளக்கு.

பக்கத்தில் சகாயம். காதில் ஹெட்போன். ஆவணப்படக் குழு எங்கே படமெடுத்தாலும், முடிவில் ஒரு நிமிடம் யாரும் வாய் திறக்கக் கூடாது. அந்த இடத்தின் சத்தத்தை மட்டும் அவன் பிடிப்பான். தொழில் முறை அது.

டான்யூப். ஜெர்மனியில் டோனாவ். ஹங்கேரியில் டுனா. செர்பியாவில் டுனாவ். நாட்டுக்கு நாடு புதுப் பெயர் அந்த ஆற்றுக்கு.

சகாயத்தின் மகளுக்கு ஒரு பெயர்கூட இல்லை. பிறந்த அன்றே போய்விட்டாள். குழி மண் காயும் முன்னே பெட்டியைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டான் மனுஷன். பெரிய வீரன்தான்! பெரம்பூர் வீட்டில் மனைவி லூர்துமேரி கதவைச் சாத்திக்கொண்டாள். அன்றிலிருந்து அவனோடு ஒரு பேச்சில்லை.

ஊருக்கு ஊர் அந்த ஒரு நிமிடத்தை அவளுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினான். வியன்னாவில் பாலத்தடி மழை. புடாபெஸ்டில் படகுக் கயிறு முனகியது. பெல்கிரேடில் சருகுகளைக் காற்று இழுத்துப்போனது.

எல்லாவற்றுக்கும் நீல டிக் விழுந்தது. பதில் மட்டும் இல்லை.

குழு சிரித்தபோது அவனும் சிரித்தான். அறைக்குப் போய்த் தனியாகச் சாப்பிட்டான். இனி பேசவே மாட்டாளோ?

ருமேனியா. இங்கே டுனேரியா. நாணல், கூழைக்கடாக்கள், அந்தப் பக்கம் கருங்கடல். ஆறும் முடிந்தது, படமும் முடிந்தது.

அன்று காலைதான் பதில் வந்தது. அதுவும் ஒரு நிமிடம்.

மின்விசிறி. குக்கர் விசில். மாடி வீட்டில் யாரோ நாற்காலி இழுக்கிறார்கள். தூரத்தில் ரயில். அவள் மூச்சு. கடைசியில், அவள் குரல்.

"ஆத்துச் சத்தமெல்லாம் கேட்டாச்சுங்க. உங்க சத்தம் எங்க?"

இத்தனை நாட்டு ஆற்றை அனுப்பியவன், ஒரு வார்த்தை அனுப்பவில்லை.

"சைலன்ஸ்!" இயக்குநர் கையை உயர்த்தினார். கடைசி ஒரு நிமிடம். எல்லோரும் அசையாமல் நின்றார்கள்.

சகாயம் மைக்கைத் தன் பக்கம் திருப்பினான்.

"லூர்து… நாந்தான். கிளம்பி வரேன். வந்ததும் பாப்பாவுக்கு ஒரு பேரு வைப்போம்மா."

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். இயக்குநர் உயர்த்திய கை அப்படியே நின்றது.

பனிமூட்டம். அதற்குள் ஒரு சிவப்புப் புள்ளி. அவன் அழுவதையும் அது பதிந்துகொண்டிருந்தது.