ஜுரேமாவின் ஐந்தாவது ஆல்பம்

தொண்டையில் நடந்த அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு ஜுரேமா பேசக்கூடாது என்பது மருத்துவரின் உத்தரவு. இனிப் பாடவே முடியாது என்பதையும் அவர் சொல்லிவிட்டிருந்தார். ஆகவே, பழுதடைந்த ஹார்ட் டிஸ்குகளிலிருந்து தகவல்களை மீட்டுத்தரும், கலிஃபோர்னியாவின் ஃப்ரீமான்ட் நகரத்து நிறுவனமொன்றில், அவள் ஒரு நோட்டில் எழுதியே உதவி கேட்டாள்.

பிரேசிலின் சால்வடார் நகரத்துக் கறுப்பினப் பாடகி அவள். முதலிரண்டு ஆல்பங்களின் பாடல்களைக் கார்னிவல் திருவிழாத் தெருக்கள் அவளோடு சேர்ந்து பாடின. மூன்றாவது சுமாராகப் போயிற்று. நான்காவது கடைகளிலேயே தங்கிவிட, கம்பெனி அவளைக் கைவிட்டது. ஐந்தாவதை, சிகிச்சைக்கு முன்பே, ஃப்ரீமான்டுக்கு அருகிலுள்ள ஓக்லண்டில் சொந்த முயற்சியில் பதிவு செய்தாள். முரசுகள் ஒரு டிஸ்கில், குரல் மற்றொன்றில். கெட்டது குரலிருந்த டிஸ்க். வேறு பிரதி இல்லை.

அது 2000 ஜனவரி. மார்ச்சில் கார்னிவல். அதற்குள் வானொலியில் பழகாத பாட்டு தெருவுக்கு வராது.

"கலா, ஸ்டுடியோக்காரங்க இத ஃப்ரீசர்ல வெச்சு ட்ரை பண்ணியிருக்காங்க," என்றான் டிஸ்கைத் திறந்து பார்த்த டெக்னீஷியன் சந்தானம், உடன் வேலை செய்யும் கலாவதியிடம். "உள்ள பூரா ஈரம். டிஸ்க்கா, குல்ஃபியா?"

"ஜோக்கடிக்காத. எவ்ளோ நேரம் தாங்கும்?"

"டிஸ்கப் படிக்கிற ஹெட்ட மாத்திட்டேன். லக் இருந்தா இருபது நிமிஷம். எந்தப் பாட்டு மொதல்லன்னு அவங்களையே கேட்டுடு."

சிறிய பாடல்களாக எடுத்தால் மூன்று தேறக்கூடும் என்று கலாவதி ஆங்கிலத்தில் விளக்கினாள். ஜுரேமா எழுதினாள்: ஒன்பதாவது. அதுதான் இருப்பதிலேயே நீளமானது, ஆறு நிமிடம். கலாவதி தயங்கவே, கீழே இன்னொரு வரி சேர்த்தாள்: கார்னிவலுக்கென்று எழுதியது அது ஒன்றுதான்.

டிஸ்க் சுழன்றது. ஒவ்வொரு துணுக்கையும் பலமுறை முயன்றே எடுக்க வேண்டியிருந்தது. பதினாலாவது நிமிடத்தில் உலோகம் உரசும் ஒலி எழுந்தது; சந்தானம் மின்சாரத்தைத் துண்டித்தான்.

"போச்சு கலா. தட்டே கீறிடுச்சு."

கிடைத்ததை முரசுகளோடு இணைத்து ஒலிக்கவிட்டார்கள். அறையை நிறைத்த அந்தக் குரல் நான்கு நிமிடம் பதினொரு வினாடியில் ஒரு சொல்லின் நடுவே அறுந்தது. முரசுகள் தொடர்ந்தன. நிறுத்தப் போன கலாவதியின் மணிக்கட்டை ஜுரேமா பற்றிக்கொண்டாள்.

"மிச்சத்தைக் கூட்டம் பாடிவிடும்," என்றாள் கலாவதி.

ஜுரேமா நோட்டைத் தேடவில்லை. "யாருக்குத் தெரியும் இந்தப் பாட்டு?" என்று கரகரத்தாள்.

பிறகு முரசைக் கவனித்து, அடுத்த அடிக்குச் சரியாக வாய் திறந்தாள். காற்று மட்டுமே வந்தது. அதற்கடுத்த அடிக்கும் திறந்தாள்.