முடியாத அறிவிப்பு

"மாமா வீட்லதானே இருக்காரு, அப்போ பஸ் ஸ்டாண்டுல பேசுறது யாரு?" என்று பக்கத்து வீட்டுச் சிறுமி கேட்டாள். "அது மாமாவோட குரல்டி. இன்னும் வேலையை விட்டு வரல. வாயை மூடிக்கிட்டு நட" என்றாள் அவள் அம்மா. இருவரும் பேருந்து ஏறிப் போனார்கள்.

உண்மையும் அதுதான். பேருந்து நிலைய அறிவிப்பாளர், பக்கவாதத்தில் படுத்த மனைவியைப் பார்த்துக்கொள்ள விருப்ப ஓய்வு கேட்டு வாங்கியிருந்தார். ஓய்வூதியத்துக்கு வேண்டிய இருபது வருடத்துக்கு மேலேயே வேலை பார்த்திருந்தார். பணிநேரம் முடிகிறபோது ஒலிபெருக்கியில் 'அறிவிப்பு முடிந்தது' என்று சொல்லிவிட்டு எழுந்திருப்பது அங்கே வழக்கம். கடைசி நாளன்று மனைவி கட்டிலிலிருந்து விழுந்துவிட்டாள் என்று போன் வந்தது. மனிதர் அந்த இரண்டு வார்த்தையைச் சொல்லாமலே ஓடிவந்துவிட்டார். வீட்டுக்கு வந்து வாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. குரல் நிலையத்திலேயே தங்கி, மறுநாள் காலை முதல் பேருந்தை நேரம் தவறாமல் அறிவித்தது.

பயணிகள் ஒரு வாரம் வியந்தார்கள், பிறகு பழகிவிட்டார்கள். ஓய்வூதிய அலுவலகம் மட்டும் பழகவில்லை. விருப்ப ஓய்வு பெற்றவர் வேலையில் நீடிக்கக் கூடாது, உங்கள் குரல் நீடிக்கிறது, ஆகவே தகுதியில்லை என்றார்கள். சரி, சம்பளமாவது உண்டா என்று சைகையில் கேட்டால், "நீங்கதான் ரிடையர் ஆயிட்டீங்களே சார்" என்று பணிமனை மேலாளர் கையை விரித்தார். பட்டியலில் இல்லாத ஆளின் பணிநேரத்தை முடித்துவைக்கத் தனக்கு அதிகாரமில்லை என்றும் சொன்னார். அந்த இரண்டு வார்த்தையைச் சொல்லியிருக்கக்கூடிய புது அறிவிப்பாளருக்கோ, குரல் நின்றால் தான் பேச வேண்டிவரும் என்ற கவலை. வெளியாள் அறைக்குள் போகக் கூடாது என்று ஓய்வு பெற்றவரையும் வாசலிலேயே தடுத்தார்கள். இப்படி நாலு வருடம் போனது. வீட்டில் முதலில் பீரோ போனது, பிறகு மின்விசிறி. கணவன் தன் பேரைச் சொல்லிக் கூப்பிட்டு எத்தனை நாளாயிற்று என்று மனைவி அழுதது வேறு.

கடைசியில் அவளே சக்கர நாற்காலியில் ஓய்வூதிய அலுவலகத்துக்கு வந்து, கோப்பைப் பார்க்கும் எழுத்தரின் மேசை முன்னால் நடந்ததையெல்லாம் சொன்னாள். "ரெண்டே ரெண்டு வார்த்தை தம்பி. நான் விழுந்ததால சொல்லாம வந்துட்டாரு. கடவுளுக்குக் கூட இவ்வளவு கண்டிஷன் கிடையாது."

"இதுக்கு விதி இல்லைம்மா. நான் என்ன செய்ய?" என்றார் எழுத்தர், தலையை நிமிர்த்தாமல். நாற்காலியைத் தள்ளிக்கொண்டு கணவர் படியிறங்கினார்.

ஒரு வாரம் கழித்து, காலையில் மனைவிக்குப் போர்வையைச் சரிசெய்துகொண்டிருந்தவர், "தண்ணி குடிக்கிறியா கண்ணு?" என்றார். தெருவுக்கே கேட்டது. அடுத்த ஆய்வில் அவர் முழுதாக ஓய்வு பெற்றுவிட்டதாக எழுதப்பட்டு, ஓய்வூதியம் வர ஆரம்பித்தது. எப்படி என்று யாரும் கேட்கவில்லை. குரல் இருந்தால் வீட்டுக்கு வரத்தானே செய்யும் என்றார்கள்.

நடந்தது இதுதான். பல வருடம் முன்பு, இதே எழுத்தர் வேலைக்கான நேர்காணலுக்கு ஓர் இளைஞன் பேருந்தைப் பிடிக்க ஓடிவந்தபோது, ஒலிபெருக்கி சொன்னது: "மூன்றாம் நடைமேடை ஓட்டுநர் கொஞ்சம் பொறுக்கவும், நீலச் சட்டைத் தம்பி ஓடி வருகிறார்." பேருந்து நின்றது, வேலையும் கிடைத்தது. அந்தக் குரலைத் தினமும் கேட்டுக்கொண்டேதான், இப்போது எழுத்தராக இருக்கும் அவர் நாலு வருடமாக அந்தக் கோப்பைத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தார். குரல் வீடு திரும்பிய அன்று காலை புது அறிவிப்பாளர் டீ குடிக்கப் போயிருந்த நேரம், எழுத்தர் ஆளில்லாத அறைக்குள் நுழைந்தார். குரல் ஓர் அறிவிப்புக்கும் அடுத்ததற்கும் நடுவே மூச்சு வாங்கும்வரை மரியாதையாகக் காத்திருந்தார். பிறகு மைக்கருகே குனிந்து, "அறிவிப்பு முடிந்தது. வீட்டுக்குப் போங்கய்யா" என்றார். நாற்காலியை ஒழுங்காகத் தள்ளி வைத்தார். வெளியே வந்து, அன்று யாரும் அறிவிக்காத பேருந்தைத் தானே தேடிப் பிடித்து அலுவலகம் போனார்.