ஏழாம் நம்பர் பாடிப் போகிறார்

பெரம்பலூர், அரியலூர்ப் பக்கம் எந்த ஊரில் கபடிப் போட்டி நடந்தாலும் மைக்கில் ஜெயசித்ராதான். பொம்பளைக்கு என்ன வர்ணனை வேண்டிக்கிடக்கிறது என்று ஆரம்பத்தில் முணுமுணுத்த பெரிய மனுஷர்கள், இப்போது அவளிடம் தேதி வாங்கிய பிறகுதான் போட்டிக்கே நாள் குறிக்கிறார்கள். உலகம் அப்படித்தான், விடுங்கள்.

அவளும் ஆடினவள்தான். பெரம்பலூர்க் கல்லூரி அணியில் எதிராளி பக்கம் பாடிப் போவதற்கு அவளை விட்டால் ஆள் கிடையாது. மாநில அணியில் ஆட வேண்டும், டிவியில் வர வேண்டும் என்று கொள்ளை ஆசை. திருமானூர்ப் போட்டியில் முழங்கால் போயிற்று. நடக்கலாம், ஆடக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். மறு வருஷம் கல்லங்குறிச்சிக்கு ஆட்டம் பார்க்கப் போயிருந்தாள். வர்ணனைக்கு வந்தவருக்குத் தொண்டை கட்டிக்கொள்ள, மைக்செட்காரன் அரவிந்தன் மைக்கை இவள் கையில் கொடுத்தான். கொடுத்தவனையே பிறகு கட்டிக்கொண்டாள்.

அவளுக்கு ஒரு பழக்கம். ஆடுகிறவர் பாடிக்கொண்டு எதிராளி பக்கம் போனதும் மைக் தானாக இடுப்புக்கு இறங்கிவிடும். அவர் திரும்பி வந்த பிறகோ, பிடிபட்ட பிறகோதான் குரல் வெடிக்கும். சனங்களுக்கு அது ரொம்பப் பிடித்துப்போனது. இடையில் அவள் உதடு அசைவதை அரவிந்தன் ஒருவன்தான் பார்த்திருக்கிறான். ஏதோ சாமி பேர் சொல்கிறாள் என்று நினைத்துக்கொண்டான், பாவம்.

யூடியூபில் அவள் பேச்சைக் கேட்டுவிட்டுச் சென்னையிலிருந்து ஒரு விளையாட்டுச் சேனல் கூப்பிட்டது. ஆடி நுழைய முடியாத டிவிக்குள் பேசியாவது நுழைந்துவிட வேண்டும் என்று அவளுக்கு வெறி. பஸ் ஏறிப் போனாள். சின்ன அறையில் உட்கார வைத்துத் தலையில் ஹெட்போனை மாட்டினார்கள். அதிலேயே மைக்கும் இருந்தது, வாயை ஒட்டி. கீழே இறக்க வழியில்லை. எதிரே திரையில் ஆட்டம் ஓட, அவள் பேசினாள்.

முடிந்ததும் தயாரிப்பாளர் செல்லப்பன் பதிவைப் போட்டுக் காட்டினார். ஒவ்வொரு ரெய்டிலும், ஆள் பாடிப் போகும்போதெல்லாம், பேச்சு நின்றுபோய், அவள் ஒரே மூச்சில் 'கபடி கபடி கபடி' என்று முணுமுணுப்பதுதான் கேட்டது. அறையில் இருந்தவர்கள் சிரித்துவிட்டார்கள். இத்தனை வருஷமாக இப்படிச் செய்வது அவளுக்கே தெரியாது. மானம் போய்விட்டது.

"நீங்க இன்னும் ஆடிக்கிட்டிருக்கீங்கம்மா. எனக்குப் பாத்துச் சொல்ற ஆளு வேணும்," என்றார் செல்லப்பன். ஆனாலும் அந்தக் குரலை விட அவருக்கு மனசில்லை. ஏதாவது ஓர் ஆட்டத்துக்கு முழுக்கப் பேசி, ஞாயிற்றுக்கிழமைக்குள் அனுப்பச் சொன்னார்.

வீட்டில் அரவிந்தன் வீடியோ வீடியோவாகப் போட்டான். ரெய்டு வந்தால் போச்சு, கபடிதான். வாயில் கற்கண்டை அடக்கிப் பார்த்தாள். கையைக் கிள்ளச் சொன்னாள். வலித்ததே தவிரப் பாட்டு நிற்கவில்லை. சனிக்கிழமை சாயங்காலம் அவளுக்கு எரிச்சல் தலைக்கேறிவிட்டது. திருமானூர் ஆட்டத்தைப் போடச் சொன்னாள்.

அன்றைக்கு மைக்செட் போட்டவன் அரவிந்தன்தான். எடுத்த வீடியோ அவன் போனிலேயே கிடந்தது. ஒரு தடவைகூட அவள் அதைப் பார்த்ததில்லை.

"அது எதுக்கு இப்ப?"

"போடுங்கங்கிறேன்ல."

பச்சை பனியன், ஏழாம் நம்பர், ஒல்லியாக ஒரு பெண் மண்ணைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டு உள்ளே போனாள். ஜெயசித்ராவின் உதடு அசையத் தொடங்கியது. முடிவு தெரிந்திருந்தும், எப்படியாவது கோட்டைத் தொட்டுவிடுவாள் என்று பாழாய்ப்போன நெஞ்சு அடித்துக்கொண்டது. அந்த ரெய்டைத் தான் இன்னும் முடிக்கவே இல்லை என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. மூச்சை நன்றாக இழுத்து விட்டாள். பேசினாள்.

"பெரம்பலூர் ஏழாம் நம்பர் பாடிப் போறாங்க. ஒரு ஆளத் தொட்டாச்சு, திரும்புறாங்க. இடுப்புல ஒரு பிடி, கால்ல ஒரு பிடி. கோட்டுக்கு ஒரு முழந்தான் இருக்கு. கைய நீட்டுறாங்க, எட்டல. பாட்டு நின்னுபோச்சு. ஏழாம் நம்பர் அவுட்."

கண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது, குரல் பிசகவில்லை. மீதி ஆட்டத்துக்கும் இரண்டு பக்கத்துக்கும் பொதுவாகப் பேசி, பெரம்பலூர் தோற்றதையும் அவளே அறிவித்தாள். அரவிந்தன் அதை அப்படியே அனுப்பிவைத்தான்.

திங்கட்கிழமை செல்லப்பனே போன் செய்தார். வேலை உறுதி, அடுத்த வாரம் வந்து சேர்ந்துவிடுங்கள் என்றார். வைக்கப் போனவர் ஞாபகம் வந்தவராக, அந்த ஏழாம் நம்பர் பெண்ணுக்குக் காலில் பலமான அடிபோலத் தெரிந்ததே, அதற்கப்புறம் ஆடினாளா என்று விசாரித்தார்.

"சனிக்கிழமை வரைக்கும் ஆடுனாங்க சார்," என்றாள் ஜெயசித்ரா. "அப்புறம் விட்டுட்டாங்க."