மட்டைத் தழும்பு

அப்துல் குத்தூஸ் ஒரு தோப்புக்குள் நுழைந்தால் முதலில் மரத்தைப் பார்ப்பார், மனிதரை அப்புறம்தான். கோவைக்காரர்; பொள்ளாச்சிப் பக்கத் தோப்புகளைக் குத்தகைக்கு எடுத்துக் காய் இறக்கி விற்று முப்பது வருடமாகப் பிழைப்பவர். அன்று காலையும் பழக்கதோஷத்தில் ஒரு தென்னையைத் தட்டிப் பார்த்துவிட்டு, சட்டென்று கையை எடுத்துக்கொண்டார். அவர் வந்த வேலை அதுவல்ல. பொய் சொல்ல வந்திருந்தார்.

தோட்டத்துக்காரர் திருமூர்த்திக்குப் பட்டா ஆறு ஏக்கர். தோப்போ பத்து ஏக்கர். மிச்ச நாலு ஏக்கரும் மலையடிவாரத்துக் காப்புக்காடு. இடம் கொடுத்தால் மடம் பிடுங்குவார்கள் என்பது பழமொழி. இவருக்கு யாரும் இடமே கொடுக்கவில்லை. வனத்துறை நட்ட எல்லைக் கல் இப்போது அவருடைய மோட்டார் ரூம் வாசலில் துணி துவைக்கும் கல்லாகக் கிடந்தது. துறை வழக்குப் போட்டதும், 'பத்து ஏக்கரும் தாத்தா காலத்துத் தோப்பு' என்று கூசாமல் பதில் மனு போட்டார். 'முப்பது வருடமாகத் தோப்பு முழுவதிலும் காய் வாங்குகிறேன்' என்று குத்தூஸும் பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தார். போடாவிட்டால் குத்தகை வேறு ஆளுக்குப் போய்விடும் என்ற பயம்.

அன்று நீதிமன்றம் அனுப்பிய வக்கீல் ஆணையர் பிரவீனா தோப்பைப் பார்வையிட வருகிறார்.

"ஏனுங்க பாய், அந்தம்மா என்ன கேட்டாலும் பத்திரத்துல இருக்கறத மட்டும் சொல்லிப்போடுங்க," என்றார் திருமூர்த்தி.

காட்டோரம் போனபோது காற்று திரும்பியது. குடலைப் புரட்டும் நாற்றம். மின்கம்பி வேலியை ஒட்டிப் பச்சை ஓலைக் குவியல் ஒன்று. குத்தூஸ் காலால் ஓலையை விலக்கினார். ஒரு பெண் மான். வயிறு ஊதி, முன்னங்கால் கருகி, கண்ணில் ஈ மொய்த்துக் கிடந்தது.

"கரண்ட்டு உட்டீங்களா?"

"பின்ன? நம்ம தோட்டத்துக்குள்ள நுழைஞ்சா கொஞ்சச் சொல்றீங்களா? அந்தம்மா போகட்டும், குழி தோண்டிக்கலாம்," என்று திருமூர்த்தி ஓலையை மறுபடி இழுத்து மூடினார்.

யார் வீட்டுக்குள் யார் நுழைந்தது? குத்தூஸ் கைக்குட்டையால் மூக்கைப் பொத்தினார். பொத்திய கை அதைவிட நாறுவதுபோல இருந்தது. பத்திரத்தில் கையெழுத்துப் போட்டது அந்தக் கைதான்.

சற்று நேரத்தில் பிரவீனா அங்கேயே வந்து சேர்ந்தார். "என்னங்க இப்படி நாறுது?"

"எலி கிலி செத்திருக்குமுங்க," என்றார் திருமூர்த்தி, சிரித்த முகமாக.

பிரவீனா குத்தூஸ் பக்கம் திரும்பினார். "நீங்கதான சாட்சி? இந்த மரமெல்லாம் எத்தன வருசத்து மரம் பாய்?"

திருமூர்த்தி தொண்டையைச் செருமினார். குத்தூஸ் பக்கத்து மரத்தடியில் குனிந்தார்.

"மட்டை உழுந்த எடத்துல தழும்பு நிக்குமுங்க. வருசத்துக்குப் பன்னெண்டு, முன்னப்பின்ன இருக்கும்." கீழிருந்து விரல் வைத்து எண்ணினார், கை எட்டாத உயரத்துக்கு ஒரு குச்சியை எடுத்துக்கொண்டார். "அறுவதுங்க. அஞ்சு வருசம். தண்டு எந்திரிக்கறதுக்கு நாலு வருசம் சேத்துக்குங்க. ஒம்பது வருசத்து மரமுங்கம்மா இது. இந்த நாலு ஏக்கரும் இப்படித்தான். நான் எழுதிக் குடுத்தது பொய்யிங்க."

பிரவீனாவின் பேனா நின்றது. "இதச் சொன்னா உங்க மேலயும் கேஸ் வரும். தெரியுமில்ல?"

"வரட்டுங்க."

"கூட இருந்தே கழுத்தறுத்துப்போட்டீங்களே பாய்!" என்று கத்தினார் திருமூர்த்தி.

குத்தூஸ் ஓலைக் குவியலை இரண்டு கையாலும் இழுத்துத் தள்ளினார். பிரவீனா ஓரடி பின்வாங்கினார்.

"கழுத்தறுபட்டது யாருன்னு நல்லாப் பாருங்க. நீங்க எல்லைக் கல்லப் புடுங்குனீங்க, நான் அதுக்குக் கையெழுத்துப் போட்டேன். காட்டத் திருடறவன் மட்டும் திருடன் இல்லீங்க. அதுக்குப் பொய்ச்சாட்சி சொல்றவனும் திருடன்தான்."