கோணல் குளம்பு

"என் கல்யாண விரிப்புல குளம்பைச் சித்தி வெட்டட்டும்மா" என்று ஐசாதா சொன்னபோது கன்ஷாயிம் தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். கிண்ணத்தைப் பாதிதான் நிரப்ப வேண்டும், மகளுக்கு ஊற்றினாலும் அதுதான் மரியாதை. அன்று கிண்ணம் வழிந்து துணியெல்லாம் நனைந்தது.

"வெட்டட்டும். சித்திதானே" என்றாள். குரல் நன்றாகத்தான் வந்தது. கைதான் துணியைத் துடைத்துக்கொண்டே இருந்தது.

மிதித்து இறுக்கிய கம்பளியில் சிவப்பு ஒன்று, கறுப்பு ஒன்று என அடுக்கி, ஒரே கத்தியால் சேர்த்து வெட்டுவார்கள். சிவப்பில் வெட்டி எடுத்தது கறுப்பின் ஓட்டையில் உட்காரும், கறுப்பினுடையது சிவப்பில். இரண்டு விரிப்பு பிறக்கும். ஒன்று மணப்பெண்ணோடு போகும், மற்றது தாய்வீட்டில் கிடக்கும். கொம்பு, அலை, மலை எல்லாவற்றையும் சுண்ணக்கட்டியால் வரைந்துகொண்டுதான் வெட்டுவார்கள். ஓரத்தில் வரும் கோணல் குளம்புக்கு மட்டும் கோடு கூடாது. ஆதியில் உலகம் எங்கும் திறப்பில்லாத ஒரு வட்டமாக இருந்ததாம். அதற்குள் எதுவும் அசையவில்லை, எதுவும் பிறக்கவில்லை. ஒரு நொண்டிப் பெட்டைக்குதிரை உதைத்து அதன் விளிம்பை உடைத்தது. அந்த வழியாகக் காற்று வந்தது, காற்றோடு சண்டையும் பாட்டும் பிள்ளைகளும் வந்தார்கள். இறைவன் பார்த்தான், அந்த உடைப்பை அடைக்காமல் விட்டுவிட்டான். குளம்பில்லாத விரிப்பில் படுத்தால் வீட்டில் தொட்டில் ஆடாது என்பார்கள். அதை வெட்டும் கை ஊரில் ஒருத்திக்குத்தான் வாய்க்கும்.

வாய்த்திருந்தது மீர்குலுக்கு, கன்ஷாயிமின் ஓரகத்திக்கு. பாலைப் பொங்கவிட்டுவிட்டு வாசலில் நின்று சிரிக்கிறவள். அவள் போடும் தையல் அடுத்த குளிருக்குள் பிரிந்துவிடும். கன்ஷாயிம் தையலோ பசையால் ஒட்டியது போல இருக்கும். ஆனால் விரிப்பைப் பார்க்க வருகிறவர்கள் தையலையா பார்க்கிறார்கள்? குளம்பைத் தொட்டு, "மீர்குல் கையா?" என்று கேட்டுவிட்டுப் போவார்கள். அப்போதெல்லாம் கன்ஷாயிமும் சிரிப்பாள். பொறாமைப்படுகிறவர்கள் பாவம், மற்றவர்களைவிட அதிகமாகச் சிரிக்க வேண்டியிருக்கிறது.

ஊரார் போகட்டும். வயிற்றில் சுமந்த பெண்ணுமா?

மறுநாள் மதியம் பெண்களெல்லாம் குதிரைப்பால் கறக்கப் போனார்கள். கூடாரத்தில் தனியாக இருந்த கன்ஷாயிம், சர்க்கரைப் பையின் தாளைக் கிழித்தாள். மீர்குல் முன்பு வெட்டிய விரிப்பொன்று சுவரில் தொங்கியது. அந்தக் குளம்பின்மேல் தாளை வைத்து, விரலால் ஓரம் தடவி, வடிவத்தைக் கத்தரித்தாள். அதை, கறுப்பின்மேல் அடுக்கியிருந்த சிவப்புக் கம்பளியில் வைத்துச் சுண்ணக்கட்டியால் சுற்றி வரைந்தாள். கத்தியை எடுக்கும்போது 'பிஸ்மில்லா' சொல்லும் பழக்கம் அவளுக்கு. அன்று சொல் நாக்குவரை வந்தது. இந்த வேலைக்கு இறைவன் பெயரை எப்படிக் கூப்பிடுவது என்று உதட்டை மூடிக்கொண்டாள்.

கத்தி கோட்டின்மேல் ஒழுங்காகப் போனது. பாதி வளைவில், வெளியே மீர்குல் சிரிப்பது கேட்டது. அதோடு சேர்ந்து ஐசாதாவும் சிரித்தாள். தன்னோடு இருக்கும்போது அவள் அப்படிச் சிரித்துக் கேட்டதில்லை. கை உதறியது. கத்தி கோட்டை விட்டு விலகி, இரண்டு கம்பளியையும் கிழித்துக்கொண்டு கரையைத் தாண்டி விளிம்புக்கு வெளியே போய் நின்றது.

கன்ஷாயிம் கத்தியைக் கீழே வைத்தாள். ஆட்டின் முதுகிலிருந்து மயிர் எடுத்த நாளிலிருந்து மகளுக்கென்று சேர்த்த கம்பளி.

வாசல் மறைப்பைத் தூக்கிக்கொண்டு மீர்குல் வந்தாள், கையில் பால் வாளி. தரையில் கிடந்த தாளைப் பார்த்தாள், கோட்டைப் பார்த்தாள், வெட்டைப் பார்த்தாள். வாளியை மெதுவாக இறக்கி வைத்தாள்.

"பரிகாசம் பண்ணணும்னா பண்ணிடு" என்றாள் கன்ஷாயிம். "பக்கத்துக் கூடாரத்துச் சோனுன்கிட்டயும் போய்ச் சொல்லு. அவ வாய் சும்மாத்தான இருக்கு."

"அவ வாயா? அது என்னைக்குச் சும்மா இருந்துச்சு?" மீர்குல் முழங்காலிட்டு, வெட்டின்மேல் குனிந்தாள். "அக்கா, கோடு என்னோடது. வெட்டு உங்களோடது."

"கை உதறிடுச்சுடி."

"எனக்கும் உதறத்தான் செய்யும். ஆனா பயந்து கரைக்குள்ளயே நிறுத்திக்குவேன். இவ்ளோ தூரம் நான் போனதே இல்ல." அவள் குரலில் சிரிப்பு இல்லை. லேசாகக் குத்துப்பட்டவள் குரல் போலிருந்தது. அந்தக் குரலைக் கன்ஷாயிமுக்கு நன்றாகத் தெரியும். பொறாமைப்பட்டபோதெல்லாம் அவளுக்குள்ளேயே கேட்ட குரல்தான் அது.

வெளியே செருப்புச் சத்தம் கேட்டது. மீர்குல் தாளைக் கசக்கி அடுப்பில் போட்டாள். அடுக்கிய கம்பளிகளை இரு கையாலும் பிடித்துத் திருப்பிப் போட்டாள். இப்போது கறுப்பு மேலே வந்தது. அதில் கோடில்லை, வெட்டு மட்டும்தான். பழைய கடன் ஒன்றைத் தீர்த்தவள் மாதிரி ஊசியை எடுத்து நூல் கோக்க ஆரம்பித்தாள்.

சோனுனும் ஐசாதாவும் உள்ளே வந்தார்கள். சோனுன் குனிந்து பார்த்துவிட்டு, "ஐயோடி, கரையையே பிளந்திருக்கே" என்றாள். "மீர்குல், இன்னைக்கு உன் குதிரை ரொம்பக் கோவமா இருந்துச்சா?"

"நான் இப்பத்தான் வாளியோட வர்றேன். கண்ணு தெரியலையா உனக்கு?"

ஐசாதா அம்மாவைப் பார்த்தாள். "யாரும்மா வெட்டினது?"

கன்ஷாயிமுக்கு இத்தனை வருடம் வேண்டியிருந்த ஒரே ஒரு கேள்வி. 'நான்' என்றால் போதும், பொய்கூட இல்லை. மீர்குல் தலை நிமிரவில்லை. ஊசிக் காதில் நூலை விட்டுக்கொண்டிருந்தாள், அது சரியாக நுழையவில்லை, எச்சில் தொட்டு மறுபடி விட்டாள்.

கன்ஷாயிம் எழுந்தாள். கம்பளியின் இரு மூலைகளையும் பிடித்து மீண்டும் புரட்டிப் போட்டாள். சிவப்பு மேலே வந்தது. அதில் வெள்ளைக் கோடு ஒருபக்கம் வளைந்து போயிருந்தது, வெட்டு வேறுபக்கம்.

"சித்தியோடதைப் பார்த்து வரைஞ்சேன். முடியல. பொறாமைல கை போயிடுச்சு" என்றாள்.

சோனுன் வாயைத் திறந்தாள், பிறகு அன்றைக்கு அதிசயமாக மூடிக்கொண்டாள். ஐசாதா கம்பளியருகே உட்கார்ந்தாள். விரலைக் கோட்டின்மேல் வைத்தாள், கொஞ்ச தூரம் அதோடு போனாள். பிரியும் இடத்தில் நின்றாள். பிறகு விரல் கோட்டை விட்டு வெட்டுக்குள் இறங்கியது, கறுப்பையும் தாண்டி அடியில் இருந்த புல்லைத் தொட்டது.

மீர்குல் ஒருவழியாகக் கோத்த ஊசியை ஓரகத்தியிடம் நீட்டினாள். திறந்து கிடந்த மறைப்பு வழியாகக் காற்று வந்து, கோட்டிலிருந்த வெள்ளைத் தூளைக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்துக்கொண்டு போனது.