நொய்க்கல் கட்டிய அரைஞாண்

அருகே வாருங்கள், என் கண்மணிகளே. காலை நீட்டிச் சாய்ந்துகொள்ளுங்கள். கனமுள்ளதைக் கனமற்றதாக்கிய கல்லொன்றின் கதையைச் சொல்லாமல் இன்று உங்களை அனுப்புவதாயில்லை.

பங்குனி வெயில் ஏறத் தொடங்கிய காலைப்பொழுது. மயிலைத் திருக்குளத்தின் பசுநீரிலே கோபுரம் தலைகீழாய் நின்று தன்னைத்தானே பார்த்துக்கொண்டிருக்க, மாடவீதிகளில் மருக்கொழுந்துக் கூடைகளும் தானிகளும் ஒன்றையொன்று உரசிக்கொண்டு செல்ல, இஞ்சி தட்டிய தேநீரின் ஆவி தெருமுனைதோறும் எழுந்து வருவோரைப் பெயர் சொல்லி அழைப்பது போல் மணக்க, அந்த ஆரவாரத்துக்குப் புறத்தே, உணவு விடுதியொன்றின் பின்கட்டில் அமர்ந்து ஏனம் துலக்கிக்கொண்டிருந்தாள் முனியம்மாள். கைகள் அண்டாவில் இருந்தன. உள்ளமோ எட்டாம் மாடியில் இருந்தது.

அவள் கணவர் முருகையன் மந்தைவெளி அங்காடியில் முப்பதாண்டு அரிசி மூட்டை சுமந்தவர். அடையாற்றங்கரைக் குடிசைகளைப் பெயர்த்து மக்களை நகரின் தென்கோடி அடுக்ககங்களுக்கு அனுப்பியபோது அவர்களுக்கு வாய்த்தது எட்டாம் மாடி. பின்னர் வாதம் வந்து அவருடைய வலப்பக்கத்தைக் கொண்டுபோயிற்று. மின்தூக்கி பழுதுற்றது பழுதுற்றபடியே நிற்க, இரண்டாண்டாக அவர் மண்ணை மிதித்தாரில்லை. இன்ன குழம்பு வேண்டும் என்றுகூடக் கேட்டறியாத அந்த மனிதர், ஆறு கடலைச் சேரும் கழிமுகத்தின் ஈரமணலில் ஒரே ஒருமுறை கால் புதைய நிற்க வேண்டும் என்பதை மட்டும் நாள்தோறும் கேட்டார்.

விடுதிக்கு அடுத்த சந்தில் மோதிரக் கற்களுக்குச் சாணை பிடிக்கும் மெஹபூப் அலி இதை அவள் வாயாலேயே கேட்டு, பெட்டியின் அடியிலிருந்து புளியங்கொட்டை அளவில் சாம்பல்நீலக் கல்லொன்றை எடுத்து வந்தார். எந்நாட்டுச் சுரங்கம் ஈன்றதென்று அவருக்கே தெரியாது; கட்டியவரை நொய்தாக்குவதால், அதாவது லேசாக்குவதால், நொய்க்கல் என்று பெயரிட்டது மட்டும் அவர்.

“உடம்புல கட்டினா சூடு ஏறும் தங்கச்சி, கனம் போய்டும். ஆனா ஒருவாட்டி கழட்டிட்டா அதே உடம்புக்கு மறுபடி புடிக்காது. நானே கட்டிப் பாத்தவன்.”

“நீங்க எதுக்கு பாய் கட்டினீங்க?”

“முட்டி வலிக்குதுன்னுதான். ரெண்டு நாளு சுகமா இருந்துச்சு. தொழும்போது நெத்தி தரையில நிக்கமாட்டேன்னுச்சு. கழட்டிட்டேன். எனக்கு இனிமே ஆகாது, நீயே வெச்சிக்கோ.”

அந்தச் சொல்லின் உட்பொருளை எண்ணிப் பார்க்க மகிழ்ச்சி அவளை விடவில்லை. கண்ணேறுக்கும் காய்ச்சலுக்கும் தாயத்துக் கட்டிப் பழகிய கையல்லவா! வீடு சேர்ந்ததும் கணவரின் அரைஞாணில் அதைக் கோத்து இறுக முடிந்தாள். சிறிது நேரத்தில், மூட்டையினும் கனத்த அவ்வுடல் இலவம்பஞ்சாய் அவள் இடுப்பில் வந்து அமர்ந்தது. படியிறங்குகையில் அண்டை வீட்டுப் பொன்மணி எதிர்ப்பட்டாள்.

“இன்னாக்கா, மாமாவ இடுப்புல வெச்சினு எங்க கெளம்பிட்ட? பால்வாடிக்கா?”

“கடலுக்குடி. ரெண்டு வருசமா அடம் புடிக்கிறாரு.”

தானி மேடு பள்ளத்தில் குலுங்கிய போதெல்லாம் அவர் அவள் மடியிலிருந்து எழும்பிக் கூரையைத் தொட, ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்து விழிக்க, மனைவி கையால் இழுத்து இழுத்து அமர்த்தினாள்.

கழிமுகத்தை அடைந்தபோது பொழுது சாய்ந்திருந்தது. நெடுவழி நடந்து களைத்த அடையாறு கடலின் தோளில் தலைவைத்துக் கிடக்க, படகுகளின் நிழல் மணலில் நீண்டிருந்தது. அவள் அவரை மெல்ல இறக்கி நிறுத்தினாள். மணலோ அவரை ஏற்கவில்லை. விரல் நுனிகள் தும்பி நீரைத் தொடுவது போல் தொட்டுத் தொட்டு எழுந்தன. அலை வந்து மீண்டது, காலடி மண்ணை அரித்துச் செல்லவில்லை. காற்று இழுத்த திசையில் அவர் சரிய, முந்தானையால் அவர் இடுப்பைக் கட்டித் தன் மணிக்கட்டில் சுற்றிக்கொண்டாள்.

“முனிமா, மண்ணு என்னைத் தொடவே மாட்டேங்குது,” என்றார் முருகையன்.

அப்போதுதான் பாயின் நெற்றி அவளுக்கு விளங்கிற்று. முடிச்சை அவிழ்த்தால் இன்றே எட்டு மாடியும் முழுக்கனத்தோடு ஏற்ற வேண்டும். இனி இறக்குவதென்பதும் இல்லை. அவிழ்க்காவிட்டால் நாள்தோறும் மாலையில் இவரை இங்கே கொண்டுவரலாம், மணலுக்கு மேலே நிறுத்தி வைக்கலாம். இதை அவள் மறைக்காமல் சொன்னாள். ஊரார் மூட்டையெல்லாம் சுமந்தவர் மனைவிக்கு மூட்டையாக ஒப்பவில்லை. கடலைப் பார்த்தாயிற்று, போவோம் என்றார். பிறகு கடலையே நோக்கியபடி கேட்டார்.

“ஆட்டோல வரும்போது நான் மடியில கீறது உனக்குத் தெரிஞ்சுதா?”

அவள் முந்தானையை மணிக்கட்டில் இன்னொரு சுற்றுச் சுற்றிக்கொண்டாள்.

“தெர்ல. மூணு வாட்டி குனிஞ்சு பாத்தேன்.”

சொன்னவள் குனிந்து, அரைஞாணைப் பல்லால் கடித்து அறுத்தாள். உச்சிமுதல் உள்ளங்கால்வரை அவருடைய கனமெல்லாம் வெள்ளம்போல் திரும்பி வந்தது. இரு கால்களும் கணுக்கால் மறையப் புதைந்தன. அலை மீளும்போது குதிகாலின் கீழிருந்து மணல் குறுகுறுத்து ஓடியதை உணர்ந்து அவர் சிறுபிள்ளைபோல் நகைத்தார். பாதி உடல் தானே நிற்க, மறுபாதியை அவள் தோள் ஏற்றது, தோள் நொந்தது, நொந்த இடத்தில் அவர் இருந்தார். வெயில் இறங்கும்வரை இருவரும் அசையவில்லை.

வீடு திரும்பியதும் பொன்மணியும் அக்கம்பக்கத்தாரும் அவரை நாற்காலியில் அமர்த்திப் படிப்படியாய்த் தூக்கினர். தன் பக்கத்துக் காலை முனியம்மாள் எவருக்கும் விட்டுக்கொடுக்கவில்லை. ஆறாம் மாடியில் மூச்சு வாங்க நின்றபோது அவர் மெல்லக் கேட்டார், “கனமா கீறனா?”

“கீறே. பேசாம வா,” என்றாள் அவள்.

கண்மணிகளே, உங்கள் வீட்டில் அடுப்பு அணையாதிருக்கட்டும், வாசலில் செருப்புகள் குறையாதிருக்கட்டும். அங்கே ஒருவரும் ஒருவருக்குக் கனமற்றுப் போகாதிருக்கட்டும்.