திரையில்லாத ஜன்னல்

அரசாங்கத்துக்குப் புத்தி வந்தால் அதுவும் ஒரு தினுசாகத்தான் வரும். அமெரிக்கா முழுக்கப் பதின்மூன்று வருஷம் மது விற்றாலே குற்றம் என்றார்கள். இப்போது தாராளமாகக் குடி, ஆனால் தெருவில் போகிற பாதிரியார் கண்ணில் படும்படி குடி என்கிறார்கள். எங்கள் பக்கத்து விதி அது. ஜன்னலுக்குத் திரை கூடாது, நின்றுகொண்டு குடிக்கக் கூடாது, மேஜையில் தின்ன ஏதாவது இருக்க வேண்டும்.

சுரங்கத்தில் புருஷனைப் பறிகொடுத்த லுட்மிலாவுக்குத் தன் பீர்க் கடைதான் சோறு. தற்காலிக அனுமதி இன்றோடு முடிகிறது. இன்ஸ்பெக்டர் வந்து பார்த்துக் கையெழுத்துப் போட்டால் லைசென்ஸ், இல்லையென்றால் கதவுக்குப் பூட்டு.

"என்னக்கா, பொண்ணு பாக்க வந்த மாதிரி வரிசையா உக்கார வச்சுட்டே! தெருவே வேடிக்கை பாக்குது" என்றான் வாடிக்கைக்காரன் ஸ்டெஃபான்.

"வாய மூடிட்டு ரொட்டியத் தின்னுடா. எந்திரிச்சே, கால ஒடிச்சிடுவேன்."

நடுப்பகலில் கதவு திறந்தது. இன்ஸ்பெக்டராக உள்ளே வந்தவர் வில்காக்ஸ். மதுவிலக்கு நாளில் கோடாலியோடு வந்து இதே கடையில் பீப்பாய்களைப் பிளந்தவர்!

"மழை!" என்று கத்தினான் ஸ்டெஃபான். அதுதான் சோதனை வந்தால் கொடுக்கும் பழைய எச்சரிக்கை.

கண்மூடித் திறப்பதற்குள் அத்தனை கோப்பையும் தரையில் கவிழ்ந்தது. ஒருவன் தன் பூட்ஸுக்குள்ளேயே ஊற்றிக்கொண்டான். லுட்மிலாவின் கால் பீப்பாயின் அடைப்பை உதைத்துத் தள்ள, பீர் முழுக்கச் சாக்கடைக்குப் போயிற்று.

இப்போது குடிப்பது குற்றமில்லை என்பது அப்புறம்தான் உறைத்தது.

"ஏம்மா, வரி கட்டின சரக்கு. எதுக்குக் கொட்டுனே?" என்றார் வில்காக்ஸ்.

"நான் கொட்டலீங்கய்யா... கால் கொட்டிடுச்சு."

"விதிப்படி உக்காந்து குடிக்கிறவங்களப் பாத்தாத்தான் நான் கையெழுத்துப் போட முடியும். இங்க யாரு குடிக்கிறாங்க?"

பாழாய்ப்போன காலே, என் பிழைப்பில் மண்ணைப் போட்டாயே என்று லுட்மிலா தலையில் அடித்துக்கொண்டாள். அப்போதுதான் ஜன்னலோரம் கண் போயிற்று.

அங்கே மாத்தேய் கிழவர் உட்கார்ந்திருந்தார். சுரங்க வெடியில் காது போனவர். கதவுக்கு முதுகு காட்டி, கையில் கோப்பையோடு, நிதானமாகக் குடித்துக்கொண்டிருந்தார். வெயில் கோப்பைக்குள் இறங்கி பீர் பொன்னாக மின்னியது. அடேயப்பா! திரைக்குப் பின்னால் விற்றே பழகிய இந்தக் கடையில் வெளிச்சம் பட்டு அதன் நிறத்தை அவள் பார்த்ததே இல்லை. இத்தனை வருஷம் விற்றது இதைத்தானா என்று மலைத்துப்போனாள். தெருவில் பாதிரியார் நின்றுவிட்டார். வில்காக்ஸ் தொப்பியைக் கழற்றினார்.

கிழவர் திரும்பினார். வில்காக்ஸை அடையாளம் தெரிந்தது. போச்சு, இவரும் கொட்டப் போகிறார் என்று லுட்மிலா கண்ணை மூடிக்கொண்டாள்.

கிழவர் ரொட்டித் தட்டைக் கொஞ்சம் நகர்த்தி வைத்தார். காது கேளாதவரின் உரத்த குரலில் சொன்னார்:

"உக்காருங்க சார். நின்னுக்கிட்டு இருக்கக் கூடாதாமே!"

வில்காக்ஸ் உட்கார்ந்தார். அந்த மேஜையிலேயே பேனாவைத் திறந்து கையெழுத்துப் போட்டார்.

லுட்மிலா அழுதாள். இழுத்து மறைத்துக்கொள்ளத் திரை இல்லை. தெருவே பார்த்தது, பார்க்கட்டும் என்று விட்டுவிட்டாள்.